வாசகர் கேள்வி: மேடையிலிருந்து மிஸ் ஃபிஷர் வரை

கே: 'மிஸ் ஃபிஷர்ஸ் மர்டர் மிஸ்ட்ரீஸ்' என்ற ஆஸ்திரேலியத் துப்பறியும் டி.வி. தொடரின் நாயகி எஸ்ஸி டேவிஸ் நேராகச் சின்னத்திரைக்கு வந்தவரா?

ப: இல்லவே இல்லை. ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியா மாநிலத்து ஹோபார்ட்காரர், சிட்னி 'நைடா' நாடகப் பள்ளியில் 1992-இல் படிப்பை முடித்தவர். 'பெல் ஷேக்ஸ்பியர்' நாடகக் குழுவில் ஜூலியட்டாக நடித்தார். லண்டன் நேஷனல் தியேட்டரில் 'எ ஸ்ட்ரீட்கார் நேம்ட் டிசையர்' நாடகத்தின் ஸ்டெல்லா வேடத்துக்காக, லண்டன் மேடை நாடகங்களுக்கான ஒலிவியர் விருதை 2003-இல் வாங்கினார். துப்பறியும் தொடர் தொடங்கியது 2012-இல்தான். 2015 வரை 3 சீசன், 34 எபிசோடு.

மேடையில் கடைசி வரிசைக்கும் எட்டும்படி குரலும் கையசைவும் பெரிதாக வேண்டும். அதே அளவை குளோசப்பில் வைத்தால் மிகை நடிப்பாகிவிடும். அங்கே புருவம் லேசாக உயர்ந்தாலே போதும். இவர் அந்த மேடை மிடுக்கைக் கொஞ்சம் மிச்சம் வைத்திருக்கிறார். தொடரில் இவர் ஏற்ற 1920-களின் மெல்பர்ன் சீமாட்டி வேடத்துக்கு அது கச்சிதமாகப் பொருந்துகிறது!