பிரெட்னிசோலோனோடு மெலாக்சிகாம் சேரவே கூடாது

வணக்கம். உங்கள் 28 கிலோ லேப்ரடார் அரிப்புக்கு பிரெட்னிசோலோன் என்ற ஸ்டீராய்டு சாப்பிடுகிறது, பின்னங்கால் வலிக்கு வீட்டில் மிச்சமுள்ள மெலாக்சிகாம் என்ற வலி மருந்தும் தரலாமா என்று கேட்டிருந்தீர்கள். தயவுசெய்து தராதீர்கள். இரைப்பைச் சுவரைக் காக்கும் புரோஸ்டாகிளாண்டின் என்ற உடல் வேதிப்பொருளை இரண்டுமே குறைக்கும். சேர்ந்தால் புண் வரலாம், குடலில் ஓட்டைகூட விழலாம். வயிற்று அமிலத்தைக் குறைக்கும் பான்டோப்ரசோல் கொடுத்தாலும் அந்த ஆபத்து போகாது.

கடைசி ஸ்டீராய்டு வேளைக்குப் பிறகு பொதுவாக 5 முதல் 7 நாள் இடைவெளி வேண்டும். அதற்காகச் சட்டென நிறுத்திவிடாதீர்கள், மருத்துவர் சொல்படி படிப்படியாகத்தான் குறைக்கணும். அதுவரை வலிக்கு கேபாபென்டின் என்ற வேறு மருந்து தரலாமா என்று அவரிடமே கேளுங்கள், ஸ்டீராய்டோடு ஒத்துப்போகும். அதன் மனிதர்களுக்கான சிரப் மட்டும் வேண்டாம், சிலவற்றில் நாய்க்கு விஷமான சைலிட்டால் என்ற இனிப்பூட்டி இருக்கும்.

ஏற்கெனவே மெலாக்சிகாம் ஒரு வேளை கொடுத்துவிட்டீர்களா? தார் போலக் கறுத்த மலம், வாந்தி, சாப்பிட மறுப்பது தெரிந்தால் உடனே பெங்களூரு ஹெப்பால் கால்நடை மருத்துவக் கல்லூரிக்குத் தூக்கிச் செல்லுங்கள்.