மூன்று தீப்பெட்டி, ஐந்து குச்சி

கேள்வி: என் பையன் ஏழாம் வகுப்பு. 3 எக்ஸ் + 5 என்று வந்தால் 8 எக்ஸ் என்று எழுதிவிடுகிறான். 'ஆப்பிளையும் ஆரஞ்சையும் கூட்ட முடியாதுடா' என்றால் நன்றாகத் தலையாட்டுகிறான், மறுநாள் அதே 8 எக்ஸ். என்ன செய்வது?
– ஒரு வாசகி, மன்னார்குடி

பதில்: முதலில் அந்த ஆப்பிளை விடுங்கள். ஆப்பிளும் ஆரஞ்சும் சேர்ந்தால் எட்டுப் பழம்தானே என்று அவன் கேட்டால் என்ன சொல்வீர்கள்? தவிர, எக்ஸ் என்பது பழம் இல்லை, ஓர் எண். எவ்வளவு என்று இன்னும் தெரியாத எண், அவ்வளவுதான்.

வீட்டில் தீப்பெட்டி இருக்குமே. பிரிக்காத பெட்டி மூன்றை மேசையில் வைத்து, பக்கத்தில் உதிரியாக ஐந்து குச்சி போடுங்கள். பெட்டிக்குள் எத்தனை குச்சி என்று தெரியாது, ஆனால் எல்லாப் பெட்டியிலும் ஒரே எண்ணிக்கை என்று வைத்துக்கொள்ளுங்கள், அந்த எண்ணிக்கைதான் எக்ஸ். மொத்தக் குச்சி 3 எக்ஸ் + 5. இன்னும் இரண்டு பெட்டியும் நான்கு குச்சியும் வைத்தால் 5 எக்ஸ் + 9, இதை அவனே சொல்லிவிடுவான். 8 எக்ஸ் என்று எழுதினால், எட்டுப் பெட்டி எங்கேடா என்று கேளுங்கள்.

அப்புறம், எக்ஸுக்குப் பதில் ஓர் எண்ணைப் போட்டுச் சரிபார்க்கப் பழக்குங்கள். 1 மட்டும் வேண்டாம்! 1 போட்டால் 3 எக்ஸ் + 5-உம் எட்டு, 8 எக்ஸும் எட்டு, தப்பு மாட்டாது. 2 எக்ஸ் + 3 எக்ஸ் = 5 எக்ஸ்² என்று எழுதுகிற தப்பும் 1-இல் இப்படித்தான் தப்பித்துக்கொள்ளும். 10 போடச் சொல்லுங்கள். 3 எக்ஸ் + 5 என்பது 35, 8 எக்ஸ் என்பது 80. முப்பத்தைந்தில் இருக்கிற 3-ஐயும் 5-ஐயும் கூட்டி எண்பது என்று இரண்டாம் வகுப்புப் பிள்ளைகூடச் சொல்லாது, பத்துகளைப் பத்துகளோடும் ஒன்றுகளை ஒன்றுகளோடும் கூட்டத்தானே அப்போதே படித்தான்.

இது புது விதியும் இல்லை. 12-ஆம் நூற்றாண்டிலேயே பாஸ்கராச்சாரியார் தம் 'பீஜகணித'த்தில், ஒரே இனமென்றால் கூட்டலாம் கழிக்கலாம், வேறு இனமென்றால் தனித்தனியே வை என்று சொல்லிவிட்டார். தெரியாத எண்களில் முதலாவதுக்கு யாவத்தாவத் என்று பெயர், அடுத்தடுத்து வருபவற்றுக்குக் காலகம், நீலகம், பீதகம் என்று கறுப்பு, நீலம், மஞ்சள் நிறங்கள். எக்ஸ், ஒய் எல்லாம் 1637-இல் பிரான்ஸின் டேக்கார்ட் எழுதிய வடிவியல் நூலுக்குப் பிறகு நிலைத்தவை.

கேள்வி: 3 எக்ஸ்ஒய், 5 ஒய்எக்ஸ் இரண்டும் ஒத்த உறுப்புகளா?
– ஒரு மாணவி, தேனி

பதில்: ஆமாம், கூட்டினால் 8 எக்ஸ்ஒய். நீளத்தை அகலத்தால் பெருக்கினாலும் அகலத்தை நீளத்தால் பெருக்கினாலும் அதே பரப்புதான். கெழு, அதாவது முன்னால் நிற்கிற எண், எதுவாகவும் இருக்கட்டும், எக்ஸ், ஒய் போன்ற மாறிகளும் அவற்றின் அடுக்குகளும் ஒன்றாக இருந்தால் போதும். எக்ஸும் எக்ஸ்²-உம் சேராது.

கேள்வி: 7 ஏ – (2 ஏ – 4) கணக்குக்கு 5 ஏ – 4 என்று எழுதினேன், மதிப்பெண் போய்விட்டது. எங்கே தப்பு?
– ஒரு மாணவர், கடலூர்

பதில்: விடை 5 ஏ + 4. அடைப்புக்குறிக்கு முன்னால் இருக்கிற கழித்தல் உள்ளே இருக்கிற எல்லோரையும் தொடும், நீங்கள் முதல் ஆளோடு நிறுத்திவிட்டீர்கள். கடையில் 20 ரூபாய்ச் சாமான், 4 ரூபாய் தள்ளுபடி, நீங்கள் நீட்டியது 100 ரூபாய் நோட்டு. மீதி 100 – (20 – 4), அதாவது 84. கடைக்காரர் உங்கள் முறைப்படி 76 கொடுத்தால் வாங்கிக்கொண்டு பேசாமல் வருவீர்களா?