இழுப்பு வந்தால் விடியும்வரை காத்திருக்காதீர்கள்

நெஞ்சு நோய் மருத்துவரிடம் கேளுங்கள் பகுதிக்கு, ஆஸ்துமா திடீரென்று முற்றினால் என்ன செய்வது என்று கேட்டு இந்த முறை நிறையக் கடிதங்கள். அவற்றில் நான்கு இங்கே.

கேள்வி: என் மகனுக்கு 6 வயது. சளி பிடித்த மூன்றாம் நாள் ராத்திரி இழுப்பு வந்துவிட்டது. நீல இன்ஹேலரில் இரண்டு பஃப் கொடுத்தேன், அடங்கவில்லை. அதற்கு மேல் கொடுத்தால் இதயத்துக்கு ஆகாது என்று யாரோ சொன்னது நினைவுக்கு வந்து, விடியும்வரை அவனை மடியில் சாய்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். காலையில் ஆஸ்பத்திரியில், "இவ்வளவு நேரம் என்ன செய்தீர்கள்?" என்று கேட்டார்கள். அந்தக் கேள்வி இன்னும் உறுத்துகிறது. மறுபடி வந்தால் எத்தனை பஃப் கொடுக்கலாம், டாக்டர்?

பதில்: உங்களிடம் அப்படிக் கேட்டிருக்கக் கூடாது அம்மா. இன்ஹேலரைக் கையில் கொடுத்தவர்கள், அது போதாமல் போனால் என்ன செய்வது என்பதையும் ஒரு தாளில் எழுதிக் கொடுத்திருக்க வேண்டும். நானே சிறு வயதில் இழுப்புக்காரிதான். என் அம்மாவும் என் முதுகைத் தடவிக்கொண்டே வெளியே வெளுக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருந்த ராத்திரிகள் உண்டு. அதனால் உங்களுக்கு விரிவாகவே சொல்கிறேன்.

குழந்தையைப் படுக்க வைக்காமல் நிமிர்த்தி உட்கார வையுங்கள். இன்ஹேலரை நன்றாகக் குலுக்கி, ஸ்பேசரில் (இன்ஹேலருக்கும் வாய்க்கும் நடுவில் வைக்கும் பிளாஸ்டிக் குடுவை) செருகி, ஒரே ஒரு பஃப் அழுத்துங்கள். அதிலிருந்து அவன் நான்கு முறை மூச்சை இழுத்து விடட்டும். மறுபடி குலுக்கி அடுத்த பஃப், மறுபடி நான்கு மூச்சு. இப்படி ஒவ்வொன்றாக நான்கு பஃப். அவசரத்தில் நான்கையும் ஒன்றாக ஸ்பேசருக்குள் அடித்துவிடாதீர்கள். நெஞ்சுக்குள் போகும் மருந்து குறைந்துவிடும். பிறகு கடிகாரத்தைப் பார்த்து நான்கு நிமிடம் பொறுங்கள். தணியவில்லையா, இன்னொரு நான்கு பஃப். அதற்கும் தணியாவிட்டால் ஆம்புலன்ஸைக் கூப்பிடுங்கள். அது வரும்வரை இதே கணக்கில் கொடுத்துக்கொண்டே இருங்கள். உங்கள் மருத்துவர் வேறு அளவு எழுதிக் கொடுத்திருந்தால் அந்தத் தாள்தான் சரி.

இதயத்தைப் பற்றிய பயம் எல்லா வீட்டிலும் இருக்கிறது. நீல இன்ஹேலரில் இருக்கும் சால்பியூட்டமால் நெஞ்சைப் படபடக்க வைக்கும், விரலை நடுங்க வைக்கும். கொஞ்ச நேரத்தில் அடங்கிவிடும். மூச்சு கிடைக்காமல் ஆக்ஸிஜன் இறங்குவதுதான் இதயத்துக்கு உண்மையான ஆபத்து. இழுப்பு முற்றிய நேரத்தில் மருந்தைக் குறைத்துக் கொடுப்பதால் யாருக்கும் நன்மை இல்லை.

சரி, அடங்கிவிட்டது என்றே வைத்துக்கொள்வோம். மூன்று நான்கு மணி நேரத்துக்குள் மறுபடி இன்ஹேலர் தேவைப்பட்டால் அன்றைக்கே மருத்துவரைப் பாருங்கள். மூச்சு இழுக்கும்போது விலா எலும்புகளுக்கு நடுவிலும் கழுத்துக் குழியிலும் தோல் உள்ளே போனாலோ, ஒரு முழு வாக்கியம் பேச முடியாமல் இரண்டு இரண்டு வார்த்தையாக உடைந்து வந்தாலோ, உதடு நீலம் பாய்ந்தாலோ, நான்கு நிமிடக் கணக்கெல்லாம் பார்க்க வேண்டாம்; ஆம்புலன்ஸைக் கூப்பிட்டுவிட்டே பஃப் கொடுக்கத் தொடங்குங்கள்.

இன்னொன்று. இதை ஒவ்வொரு பெற்றோரிடமும் சொல்லாமல் விடமாட்டேன். நான் பயிற்சி மருத்துவராக இருந்தபோது ஒரு பதினைந்து வயதுப் பையனை இழுப்போடு கொண்டுவந்தார்கள். முதலில் விசில் ஊதுவதுபோல் சத்தம் இருந்தது. அரை மணி நேரம் கழித்து ஸ்டெத்தை வைத்தேன், சத்தமே இல்லை. பையனும் கண்ணை மூடி அமைதியாக இருந்தான். ரத்தப் பரிசோதனையில் கார்பன் டை ஆக்சைடு அளவும் சரியாக இருந்தது. தேறிவிட்டான் என்று நினைத்தேன். பின்னால் வந்த மூத்த மருத்துவர் அந்தத் தாளைப் பார்த்ததும் அவனைத் தீவிர சிகிச்சைக்குத் தள்ளிக்கொண்டு போகச் சொன்னார். இவ்வளவு வேகமாக மூச்சு வாங்குகிறவனுக்கு அந்த அளவு குறைந்திருக்க வேண்டும். சரியாக இருக்கிறது என்றால் மூச்சு விடும் தசைகள் களைத்துவிட்டன என்று அர்த்தம். விசில் சத்தம் நின்றதும் காற்றே உள்ளே போகாததால்தான். பையன் பிழைத்துக்கொண்டான். ஆனால் அந்த அமைதியைக் கண்டு நான் நிம்மதி அடைந்தது இன்றும் என் மனதை விட்டுப் போகவில்லை. இழுத்துக்கொண்டிருந்த குழந்தை சத்தம் ஓய்ந்து, எழுப்பினாலும் சோர்ந்து சோர்ந்து விழுந்தால் அது தூக்கம் இல்லை. உடனே கிளம்புங்கள்.

கேள்வி: எனக்கு வயது 41. நீல இன்ஹேலர் மாதம் ஒன்று தீர்ந்துவிடுகிறது. போட்ட ஐந்து நிமிடத்தில் கேட்கிறது. தினமும் போடச் சொல்லி இன்னொரு இன்ஹேலரும் கொடுத்தார்கள். அதில் எந்த வித்தியாசமும் தெரியாததால் நிறுத்திவிட்டேன். நீலமே போதும்தானே?

பதில்: போதாது. தயவுசெய்து இந்த வாரமே மருத்துவரைப் பாருங்கள். உங்கள் கடிதத்தில் என்னைக் கவலைப்படுத்துவது "ஐந்து நிமிடத்தில் கேட்கிறது" என்ற வரிதான்.

ஆஸ்துமாவில் மூச்சுக்குழாய்க்கு மூன்று கேடு நடக்கிறது. சுற்றியுள்ள தசை இறுகுகிறது, உட்சுவர் வீங்குகிறது, கெட்டியான சளி அடைக்கிறது. நீல இன்ஹேலர் தசையை மட்டும் தளர்த்தும். வீக்கம் அப்படியே உள்ளே இருந்து வளர்ந்துகொண்டிருக்கும். நீங்கள் நிறுத்தியது வீக்கத்தைக் குறைக்கும் ஸ்டீராய்டு இன்ஹேலராகத்தான் இருக்கும். அதன் பலன் போட்டவுடன் தெரியாது; அதனால்தான் பலரும் விட்டுவிடுகிறார்கள்.

பொதுவாக ஒரு நீல இன்ஹேலரில் 200 பஃப். ஆண்டுக்கு மூன்று அல்லது அதற்கு மேல் தீர்த்தாலே கடும் இழுப்பு வரும் வாய்ப்பு கூடுகிறது. மாதம் ஒன்று, அதாவது ஆண்டுக்குப் பன்னிரண்டு என்று போனால் உயிருக்கே ஆபத்து கூடுகிறது. பெரியவர்களுக்கும் வளரிளம் பருவத்தினருக்கும் நீல இன்ஹேலரை மட்டும் தனியாகக் கொடுக்க வேண்டாம் என்று ஜைனா என்ற உலக ஆஸ்துமா அமைப்பு 2019-இல் தன் வழிகாட்டுதலையே மாற்றியது இதனால்தான். தசையைத் தளர்த்தும் ஃபார்மோட்டெரால் என்ற மருந்தும் ஸ்டீராய்டும் சேர்ந்த ஒரே இன்ஹேலரைத் தினசரிக்கும் அவசரத்துக்கும் பயன்படுத்தும் முறை இருக்கிறது. உங்களைப் போல "கேட்கிற மருந்தைத்தான் போடுவேன்" என்பவர்களுக்கு அது நன்றாகப் பொருந்துகிறது. அதைப் பற்றிக் கேளுங்கள். எதைப் போட்டாலும் ஸ்டீராய்டு இன்ஹேலருக்குப் பிறகு வாயைக் கொப்பளித்துத் துப்புங்கள்.

பிரிட்டனில் ஆஸ்துமா மரணங்கள் 195-ஐ ஒவ்வொன்றாக ஆராய்ந்து 2014-இல் ஓர் அறிக்கை வந்தது. இறந்தவர்களில் கிட்டத்தட்டப் பாதிப் பேர் மருத்துவ உதவி கேட்காமலோ, உதவி வந்து சேர்வதற்கு முன்போ இறந்திருந்தார்கள். உங்கள் கடிதத்தைப் படித்ததும் எனக்கு அந்த எண்தான் நினைவுக்கு வந்தது.

கேள்வி: மகளுக்கு இழுப்பு முற்றியபோது ஐந்து நாளைக்கு ஸ்டீராய்டு மாத்திரை கொடுத்தார்கள். இரண்டு நாளில் சரியாகிவிட்டதால் நிறுத்திவிட்டோம். ஸ்டீராய்டு என்றாலே பயமாக இருக்கிறது.

பதில்: எழுதிய நாள்வரை கொடுத்து முடித்திருக்க வேண்டும். இழுப்புக்கு வழக்கமாகக் கொடுக்கும் ஸ்டீராய்டு மாத்திரையான பிரெட்னிசலோன் வேலையைத் தொடங்கவே சில மணி நேரம் ஆகும். வீக்கம் வற்றச் சில நாள் ஆகும். குழந்தைகளுக்கு 3 முதல் 5 நாள், பெரியவர்களுக்கு 5 முதல் 7 நாள் என்பது வழக்கம். இவ்வளவு குறுகிய காலத்துக்குப் படிப்படியாகக் குறைக்க வேண்டிய தேவையும் பொதுவாக இல்லை. முகம் உப்புவது, எலும்பு தேய்வது என்று நீங்கள் கேள்விப்பட்டதெல்லாம் நீண்ட நாள் அல்லது அடிக்கடி சாப்பிடுவதால் வருவது. ஒரே ஆண்டில் இரண்டாம் முறை மாத்திரை தேவைப்பட்டால் பயத்தை மாத்திரை மேல் வைக்காமல், தினசரி இன்ஹேலர் ஒழுங்காகப் போகிறதா, போடும் முறை சரியா என்று மருத்துவரிடம் போட்டுக் காட்டுங்கள்.

கேள்வி: அப்பாவுக்கு இளைப்பு வந்தால் விரலில் ஆக்ஸிமீட்டர் மாட்டிப் பார்க்கிறோம். 95, 96 காட்டினால் வீட்டிலேயே இருக்கலாமா? மருந்தைப் புகைபோல் ஆக்கித் தரும் நெபுலைசர் கருவி ஒன்றை வாங்கி வைத்துவிட்டால் நிம்மதி என்றும் தோன்றுகிறது.

பதில்: 92-க்குக் கீழே போனால் உடனே கிளம்ப வேண்டும், அதில் சந்தேகமே இல்லை. ஆனால் 95 காட்டுவதால் பயமில்லை என்று நினைக்காதீர்கள். வேகவேகமாக மூச்சு வாங்கி அந்த எண்ணை அப்பா தாக்குப்பிடித்துக்கொண்டிருக்கலாம். விரல் சில்லிட்டிருந்தால் கருவி தப்பாகக் காட்டும்; கறுத்த தோலில் உண்மையைவிடக் கூட்டியும் காட்டலாம். அவரிடம் ஏதாவது கேளுங்கள். பதிலை ஒரே மூச்சில் சொல்கிறாரா, நடுவில் நிறுத்தி மூச்சு வாங்குகிறாரா? நிறுத்தினால் எண் என்னவாக இருந்தாலும் ஆஸ்பத்திரிதான்.

நெபுலைசர் வாங்குவதற்கு முன் யோசியுங்கள். பெரும்பாலான இழுப்புகளுக்கு இன்ஹேலரும் ஸ்பேசரும் சேர்ந்தால் அதே பலன் கிடைக்கும். கருவி வீட்டில் இருந்தால் "இன்னொரு தடவை வைத்துப் பார்ப்போம்" என்று நேரத்தைக் கடத்திவிடுவதையும் நிறையப் பார்த்திருக்கிறேன். நல்ல ஸ்பேசர் ஒன்று போதும். மாதம் ஒருமுறை சோப்புத் தண்ணீரில் முக்கி எடுத்து அப்படியே காற்றில் காய விடுங்கள். துணியால் உள்ளே துடைக்காதீர்கள். துடைத்தால் நிலைமின்சாரம் ஏறி, மருந்து நெஞ்சுக்குப் போகாமல் ஸ்பேசரின் சுவரிலேயே ஒட்டிக்கொள்ளும்.