பொருளாக்க வித்தை: வாசகர் கேள்வி – பதில்

மாயாஜாலக் கதை எழுதும் வாசகர்களிடமிருந்து இம்முறை வந்த கேள்விகள் எல்லாம் ஒரே துறையைச் சுற்றியே இருக்கின்றன: மந்திரத்தால் பொருளை உண்டாக்கும் வித்தை, அதைக் கற்றுத்தரும் பள்ளி.

கேள்வி: என் நாவலில் மாணவர்கள் வெறுங்கையை நீட்டி வாளை வரவழைக்கிறார்கள். அது எங்கிருந்து வந்தது என்று வாசகர் கேட்டால் என்ன சொல்வது?

பதில்: அவர் கேட்பதற்கு முன்பே நீங்கள் முடிவு செய்திருக்க வேண்டும். இந்த வித்தையின் மற்ற விதிகள் எல்லாம் இந்த ஒரு பதிலிலிருந்துதான் கிளைக்கும்.

சூனியத்திலிருந்து வந்தது என்றால் கதை சீக்கிரமே படுத்துவிடும். எதற்கும் செலவில்லாத உலகத்தில் யாருக்கும் இக்கட்டு வராது. ஆற்றல் பொருளாக மாறியது என்பது கேட்க நன்றாக இருக்கும். கணக்குப் போட்டால் கையைச் சுடும். 1 கிராம் பொருளுக்குச் சமமான ஆற்றல் சுமார் இரண்டரைக் கோடி யூனிட் மின்சாரம். ஒரு கிலோ வாளுக்கு அதைப்போல் ஆயிரம் மடங்கு. அவ்வளவு ஆற்றலை ஆளத் தெரிந்த மாணவனுக்கு வாள் எதற்கு? காற்றிலிருந்து என்றால், ஒரு கன மீட்டர் காற்றின் எடையே 1.2 கிலோதான். அதில் 99 சதவீதம் நைட்ரஜனும் ஆக்சிஜனும். இரும்புக்கு எங்கே போவது?

மண்ணிலிருந்து எடுக்கச் சொல்லுங்கள். புவியின் மேலோட்டில் எடைக்கணக்கில் சுமார் 5 சதவீதம் இரும்பு. ஆகவே 1 கிலோ வாளுக்கு 20 கிலோ மண் வேண்டும். செம்மண்ணின் சிவப்பு அதிலுள்ள இரும்பு ஆக்சைடால் வருவது. இரும்பை உறிஞ்சினால் அந்த இடம் வெளுத்துப்போகும். அதாவது, வாள் உண்டாக்கியவன் நின்ற இடத்தில் ஒரு வெளிறிய வட்டம் மிஞ்சும். துரத்தி வருகிறவனுக்கு வேறு தடயமே தேவையில்லை.

கேள்வி: எல்லோரும் தங்கம் உண்டாக்கிக்கொண்டால் நாட்டின் பொருளாதாரம் என்ன ஆகும்? தங்கத்துக்கு மட்டும் தடை விதிக்கலாமா?

பதில்: வேண்டாம். காரணமில்லாத தடை கதாசிரியரின் கையைக் காட்டிக்கொடுக்கும். மேலே சொன்ன மண் விதியே இதையும் பார்த்துக்கொள்ளும். சராசரியாக ஒரு டன் பாறையில் தங்கம் சில மில்லிகிராம்தான். 1 கிராம் எடுக்கவே சில நூறு டன் பாறையைத் தொட வேண்டும். தங்கத் தாது ஓடும் பாறையில் மட்டும் டன்னுக்குச் சில கிராம் கிடைக்கும். அப்படிப்பட்ட மலைகளைச் சுற்றி அரசர்கள் காவல் போடுவார்கள், மந்திரவாதிகள் இரவில் நுழையப் பார்ப்பார்கள். தடையைவிட இது எவ்வளவோ நல்ல கதை.

கேள்வி: பள்ளியின் முதல் பாடம் என்னவாக இருக்கலாம்?

பதில்: 2 சென்டிமீட்டர் விட்டமுள்ள இரும்புக் குண்டு. ஒரே பொருள், ஒரே வடிவம், அசையும் பாகம் இல்லை. எடை 33 கிராம் இருக்க வேண்டும். மாணவன் முன் முக்கால் கிலோ மண் வைத்தால் போதும். மேஜையில் தராசு கட்டாயம். புதியவர்கள் கண்ணுக்குத் தெரியும் மேற்பரப்பை மட்டும் நினைப்பார்கள், குண்டு உள்ளே பொக்காக வந்துவிடும். பார்வைக்குக் குறை தெரியாது, தராசு சொல்லிவிடும்.

அடுத்து 4 சென்டிமீட்டர் குண்டு. இருமடங்கு மண் போதும் என்று நினைப்பவன் இங்கே மாட்டுவான். விட்டம் இருமடங்கானால் எடை எட்டு மடங்கு: சுமார் 264 கிராம், ஐந்தேகால் கிலோ மண். அதன்பின் மரப்பிடி போட்ட கத்தி. உலர்ந்த மரத்தின் எடையில் ஏறத்தாழ பாதி கார்பன். வெறும் மண்ணில் அது போதாது, ஒரு கூடை சருகோ மரத்தூளோ பக்கத்தில் இருக்கட்டும்.

கேள்வி: என் நாயகி உண்டாக்கும் கத்தரிக்கோல் துணியை வெட்டக்கூடாது. நம்பும்படியான காரணம் வேண்டும்.

பதில்: அருமையான கேள்வி. அசையும் பாகம் உள்ள பொருளில்தான் இந்த வித்தையின் உண்மையான கஷ்டம் தெரியும்.

முதல் காரணம், இடைவெளி. இரண்டு அலகுகளும் ஆணியில் சேரும் இடத்தில் காகிதத் தடிமனுக்காவது வெற்றிடம் வேண்டும். இரும்பை நினைத்தவள் அந்த வெற்றிடத்தை நினைக்கத் தவறினால் மூன்றும் ஒரே துண்டாக வந்துவிடும், திறக்கவே திறக்காது.

இரண்டாவது, பதம். வடிவம் சரியாக இருந்தும் வெறும் இரும்பாக வந்தால் இரண்டு வெட்டில் முனை மழுங்கும். கார்பன் கலந்த எஃகைச் சுமார் 800 டிகிரி செல்சியசுக்குச் சூடாக்கி, சட்டென்று குளிர்வித்து, பிறகு 200 டிகிரி அளவில் மீண்டும் லேசாகச் சூடாக்கினால்தான் கடினமும் வரும், நொறுங்காத தன்மையும் வரும். உலையில் வேலை பார்த்தவளுக்கு அந்த நிலை மனதில் இருக்கும். படத்தில் பார்த்தவளுக்கு இருக்காது.

மூன்றாவதைத்தான் நான் எடுத்துக்கொள்வேன். நல்ல கத்தரிக்கோலை மூடி வெளிச்சத்துக்கு எதிரே பக்கவாட்டில் பிடித்துப் பாருங்கள்: ஆணிக்கும் நுனிக்கும் நடுவே மெல்லிய ஒளிக்கீற்று தெரியும். அலகுகள் தட்டையானவை அல்ல, சற்றே வளைந்தவை. அதனால்தான் மூடும்போது இரண்டும் ஒரே ஒரு புள்ளியில் அழுந்தித் தொடுகின்றன. அந்தப் புள்ளி நுனியை நோக்கி நகர நகரத் துணி வெட்டுப்படுகிறது. நாயகி தட்டையான அலகுகளை உண்டாக்கினால் துணி வெட்டுப்படாமல் நடுவில் மடங்கிச் சிக்கும். காரணம் புரியாமல் அவள் தவிக்கட்டும். பிறகு தையல்காரர் ஒருவரிடம் போய் அவள் கற்றுக்கொள்ளும் காட்சியை எழுதுங்கள்.

கேள்வி: உணவு உண்டாக்கலாமா?

பதில்: கடைசி வகுப்பில். சர்க்கரை, புரதம் போன்றவற்றின் மூலக்கூறுகளுக்கு இடக்கை, வலக்கை போல ஒன்றுக்கொன்று கண்ணாடிப் பிம்பமான இரு வடிவங்கள் உண்டு. உடல் குளுக்கோசில் ஒரு வடிவத்தை மட்டுமே எரித்துச் சக்தியாக்கும். மாற்று வடிவமும் நாக்குக்கு இனிக்கும், ஆனால் பசி தீர்க்காது. வயிறாரச் சாப்பிட்டும் இளைத்துக்கொண்டே போகும் ஒரு படையை நினைத்துப் பாருங்கள்.

கேள்வி: எத்தனை விதிகள் வைக்கலாம்?

பதில்: இரண்டு, மிஞ்சினால் மூன்று. மணிமேகலையின் அமுதசுரபியைப் பாருங்கள். அள்ள அள்ளக் குறையாத பாத்திரம். ஆனால் முதல் பிச்சை கற்புடைய பெண்ணின் கையால் விழ வேண்டும். அந்த ஒரே நிபந்தனைதான் ஆதிரையைக் கதைக்குள் கொண்டுவருகிறது. உங்கள் விதியும் ஒரு புதிய ஆளையோ இடத்தையோ கதைக்குள் இழுத்து வருகிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் அடித்துவிடுங்கள்.

கேள்வி: பொருள் தோன்றும்போது சத்தம் வருமா?

பதில்: எவ்வளவு வேகமாகத் தோன்றுகிறது என்பதைப் பொறுத்தது. 5 கிலோ மர நாற்காலி சுமார் 8 லிட்டர் காற்றை விலக்க வேண்டும். ஒரு விநாடி எடுத்துக்கொண்டால் மெல்லிய காற்று வீசும், அவ்வளவுதான். விநாடியில் ஆயிரத்தில் ஒரு பங்குக்குள் தோன்றினால் வெடிச்சத்தம் கேட்கும். மறையும்போதும் அப்படியே, காற்று உள்நோக்கிப் பாயும். திருட்டுத்தனமாகப் பொருள் உண்டாக்குகிறவர்கள் மெதுவாக உண்டாக்கப் பழகியிருப்பார்கள்.