சொட்டை விழுந்த குடம் – கடிதமும் பதிலும்

வணக்கம் ஐயா,

உங்கள் கதையில் 'குடத்தில் சொட்டை விழுந்திருந்தது' என்று ஒரு வரி வருகிறது. எங்கள் வீட்டில் சொட்டை என்றால் தலை வழுக்கைதான். அச்சுப்பிழையா என்று மகன் கேட்கிறான். பக்கத்து வீட்டு அக்கா தெலுங்குக்காரர், 'அது எங்க வார்த்தை' என்கிறார். பேசாமல் ஆங்கிலத்தில் சொல்கிற மாதிரி டென்ட் (dent) என்றே எழுதியிருக்கலாமே?

– ஒரு வாசகி, பெரம்பூர்

அன்புள்ள வாசகிக்கு,

அச்சுப்பிழை இல்லை, தெரிந்தேதான் எழுதினேன். பாத்திரம் அடிபட்டு லேசாக உள்வாங்கிய இடத்துக்கும் சொட்டை என்றுதான் பெயர். நான் சின்னப் பையனாக இருந்தபோது வியாசர்பாடியில் எங்கள் தெருக் குழாயடியில் விடியற்காலையில் ஆட்களுக்குப் பதிலாகக் குடங்கள்தான் வரிசையில் நிற்கும், எல்லாம் ஒரே மாதிரிப் பித்தளைக் குடங்கள், அதில் எங்கள் குடத்தை அதன் வயிற்றில் இருந்த சொட்டையை வைத்துத்தான் அம்மா அடையாளம் கண்டுபிடிப்பார். "அந்தச் சொட்டை விழுந்த குடத்தை நகர்த்துடா." யாரும் அர்த்தம் கேட்டதில்லை.

வழுக்கைக்கும் இதே சொல் வந்ததில் ஆச்சரியமே இல்லை. நிறைந்திருக்க வேண்டிய இடத்தில் கொஞ்சம் மட்டும் குறைந்து போயிருக்கிறது, தலையில் முடி, குடத்தில் உருட்சி. பள்ளம் என்றால் பெரிதாகிவிடும். நசுங்கல் என்றால் குடமே போச்சு. குழி கன்னத்துக்கு அழகு, பாத்திரத்துக்கு ஒட்டாது. ஓட்டையும் இல்லாமல் ஒழுகலும் இல்லாமல் மேலே மட்டும் லேசாக உள்வாங்கியிருப்பதைச் சொல்ல எனக்கு இதைவிடச் சரியான சொல் தெரியாது.

பக்கத்து வீட்டு அக்கா சொல்வதும் உண்மைதான், ஆனால் பாதி உண்மை. தெலுங்கில் பாத்திரத்தில் விழுந்த ஒடுக்குக்குச் சொட்ட என்பார்கள், குழி விழும் கன்னத்துக்கு சொட்ட புக்க. கன்னடத்தில் சொட்ட என்றால் கோணல். கண்ணைத் தெலுங்கில் கன்னு என்கிறார்கள், கன்னடத்தில் கண்ணு என்கிறார்கள், அதற்காக நாம் கண்ணைக் கடன் வாங்கினோம் என்று யாராவது சொல்வார்களா? ஒரே குடும்பத்து மொழிகள், சொல் எல்லார் வீட்டிலும் இருக்கிறது, அவ்வளவுதான்.

சரி, டென்ட். பழைய ஆங்கிலத்தில் அடி, வெட்டு என்று பொருள்பட்ட ஒரு சொல்லிலிருந்து வந்தது அது. முதலில் அடிக்குப் பெயராக இருந்து, அப்புறம்தான் அடி விட்டுப்போன பள்ளத்துக்குப் பெயரானது. நல்ல சொல்தான், எனக்கு அதன் மேல் கோபம் இல்லை. ஆனால் அம்மாவின் குடத்தில் அதைப் போட எனக்கு மனசு வரவில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். புதுப்பேட்டைப் பக்கம் போனால் டிங்கரிங் என்று பலகை மாட்டிய கடைகளைப் பார்ப்பீர்கள், காரில் விழுந்த சொட்டையைத் தட்டி நேராக்குகிற இடம். ஆங்கிலத்தில் டிங்கர் என்பவர் அந்தக் காலத்தில் ஊர் ஊராகப் போய்ப் பாத்திரம் பழுது பார்த்துக் கொடுத்தவர். பாத்திரம் தட்டியவரின் பெயர் காருக்குப் போகலாம் என்றால் பாத்திரத்தின் சொட்டையும் தாராளமாகப் போகலாம். உங்கள் மகன் பைக் வைத்திருந்தால், டேங்கில் அடி வாங்கிய இடத்தை இனிமேல் சொட்டை என்றே சொல்லச் சொல்லுங்கள்.