கேட்டதும் சொன்னதும்: நம் மலை இமயத்தின் வாலா?

கேள்வி: எங்கள் வீட்டுக் கொல்லையிலிருந்து தெரியும் தித்திவங்சா மலை, இமயமலையின் வால் என்கிறார் தாத்தா. உண்மையா? உலகிலேயே நீளமான மலைத்தொடர் எது?
– படிவம் இரண்டு மாணவி, சுங்கை சிப்புட்

பதில்: இல்லையம்மா. தாத்தாவிடம் பக்குவமாகச் சொல்லுங்கள், நம் மலைதான் மூத்தது! இந்தியத் தட்டு ஆசியாவோடு மோதத் தொடங்கி ஏறக்குறைய 5 கோடி ஆண்டுகள் ஆகின்றன. அதில் எழுந்தது இமயம். தித்திவங்சாவின் கருங்கல்லோ சுமார் 20 கோடி ஆண்டுகளுக்கு முன்பே பூமிக்கடியில் பாறைக்குழம்பாக இருந்து, மெல்ல ஆறி இறுகியது. மேலே மூடியிருந்த மண்ணும் பாறையும் மழையில் கரைந்த பிறகுதான் வெளியே தெரிந்தது. கிந்தா பள்ளத்தாக்கின் வெள்ளீயமும் அந்தக் கருங்கல் தந்ததே.

ஆற்றோரம் ஒரு கல்லை உடைத்துப் பாருங்கள். வெள்ளைக்கு நடுவே கறுப்புப் புள்ளிகள், கண்ணாடித் துணுக்குப் போல மின்னும் படிகங்கள். சிறுவயதில் அம்மாவோடு பால்மரக் காட்டுக்குப் போனபோது, ரப்பர் பால் பிடிக்கும் மங்குகளைக் கழுவும் ஓடையில் அப்படி ஒன்றை எடுத்தேன். இன்றும் என் மேசைமேல் இருக்கிறது.

சரி, நீளம். தரையில் ஆண்டிஸ்தான்: தென் அமெரிக்காவின் மேற்கோரமாக வெனிசுவேலா முதல் சிலி, அர்ஜென்டினா வரை 7 நாடுகள், சுமார் 7,000 கிலோமீட்டர். இமயம் ஏறத்தாழ 2,400. நம்முடையது 480 அளவில். தென் தாய்லாந்திலிருந்து நெகிரி செம்பிலான் வரை. அதன் உச்சியான கோர்பு, 2,183 மீட்டர், உங்கள் ஊருக்குக் கிழக்கேதான். காலையில் மேகம் ஏறுமுன் பாருங்கள்.