அரை வேலி என்றால் எத்தனை ஏக்கர்?

கேள்வி: தாத்தாவின் பாகப்பிரிவினைக் குறிப்பில் ‘அரை வேலி நஞ்சை’ என்றிருக்கிறது. பட்டாவில் 1 ஹெக்டேர் 34 ஏர். நிலம் குறைந்துவிட்டதா? – வாசகி, மன்னார்குடி

பதில்: குறையவில்லை அம்மா, நிம்மதியாக இருங்கள். உங்கள் தஞ்சைக் கணக்கில் 12 அடிக்கு 12 அடி ஒரு குழி, அதாவது 144 சதுர அடி. 100 குழி ஒரு மா, 20 மா ஒரு வேலி. அரை வேலிக்கு 1,000 குழி, 1,44,000 சதுர அடி. சென்ட்டுக்கு 435.6 சதுர அடி என்று வகுத்தால் சுமார் 330 சென்ட், 3 ஏக்கர் 30 சென்ட். ஒரு ஏர் 2.47 சென்ட், ஆக ஏறக்குறைய 134 ஏர். பட்டாவும் அதையேதான் சொல்கிறது! வேறு ஊர்க்காரர்கள் இதை அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம், குழியின் அளவு ஊருக்கு ஊர் மாறும். அப்புறம், விற்கும்போது பத்திரத்தில் சர்வே எண்ணோடு ஹெக்டேர்–ஏர் அளவையும் எழுதச் சொல்லுங்கள்.